திரைக்குள் போன ஆப்பரேட்டர்

அன்புள்ள ஐயா,

நீங்கள் சொன்னதால் மௌனப்பட நடிகரும் இயக்குநருமான பஸ்டர் கீட்டனின் ‘ஷெர்லாக் ஜூனியர்’ (1924) பார்த்தேன். வயிறு வலிக்கச் சிரித்தேன். ஆனால் அதை மகத்தான படம் என்கிறீர்களே, ஏன்? தியேட்டர் ஆப்பரேட்டர் தூங்கிப்போய், கனவில் திரைக்குள் நுழைகிறான். கனவு என்றால் எதை வேண்டுமானாலும் காட்டலாம். எல்லாம் கேமரா தந்திரம்தானே?

ம.

அன்புள்ள ம.,

கனவில் எதையும் காட்டலாம், சரி. கீட்டன் காட்டியது என்ன? திரைக்குள் போனவனுக்கு எந்தச் சக்தியும் வருவதில்லை. தோட்டத்து பெஞ்சில் உட்காரப் போகிறான், காட்சி மாறிவிடுகிறது, நடுத்தெருவில் மல்லாக்க விழுகிறான். நடந்தால் மலை விளிம்பு. எட்டிப் பார்த்தால் சிங்கங்கள். கடலில் தலைகீழாகப் பாய்ந்தால் பனியில் போய்க் குத்தி நிற்கிறான். இடம் மாறுகிறது, அவன் உடம்பு மட்டும் மாறுவதில்லை. படத்தில் ‘கட்’ வருவதை, அதாவது ஒரு ஷாட் முடிந்து சட்டென்று அடுத்த ஷாட்டுக்குத் தாவுவதை, நாம் கவனிப்பதுகூட இல்லை. அதற்குள் ஒரு மனிதன் மாட்டிக்கொண்டால் என்ன பாடுபடுவான் என்று யோசித்தாரே, அந்தக் கற்பனைதான் எனக்குப் பெரிது. ஆப்பரேட்டராக நடித்த கீட்டன் நிற்கும் இடம் ஒவ்வொரு ஷாட்டிலும் பொருந்த வேண்டும் என்பதற்காக, சர்வேயர் கருவிகளை வைத்துத் தூரத்தை அளந்து எடுத்தார்கள். ஒளிப்பதிவாளர்களில் ஒருவரான எல்ஜின் லெஸ்லியையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும்.

அப்புறம் அந்த ஜன்னல் காட்சி. திருடர்களின் வீட்டிலிருந்து ஜன்னல் வழியாகப் பாய்ந்து, வெளியே விழும்போது கிழவி வேஷத்தில் எழுந்து நடக்கிறான். நடுவில் ஒரு ‘கட்’ வைத்திருந்தால் சுலபமாக முடிந்திருக்கும். கீட்டனோ வீட்டின் முன்சுவரையே மறையச் செய்து, உள்ளும் வெளியும் ஒன்றாகத் தெரிய, பாய்ச்சலை ஒரே ஷாட்டில் காட்டுகிறார். உடையை முன்கூட்டியே ஜன்னலில் பொருத்தி வைப்பதையும் நாம் பார்க்கிறோம். இதைக் கேமரா தந்திரம் என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியாது.

ரயில் கூரையில் ஓடி, தண்ணீர்த் தொட்டிக் குழாயைப் பிடித்துத் தொங்கும் இடத்தில், கொட்டிய தண்ணீர் அவரைத் தண்டவாளத்தில் தள்ளியது. கழுத்து முதுகெலும்பில் விரிசல். பல வருடம் கழித்து எக்ஸ்ரே எடுத்தபோதுதான் அவருக்கே தெரிந்தது. அந்த ஷாட் படத்தில் அப்படியே இருக்கிறது.

கடைசிக் காட்சியை மட்டுமாவது திரும்பப் பாருங்கள். அவன் விழித்துவிட்டான், காதலி பக்கத்தில் நிற்கிறாள். திரையில் நாயகன் செய்வதைப் பார்த்துப் பார்த்துக் கையைப் பிடிக்கிறான், மோதிரம் போடுகிறான், முத்தம் கொடுக்கிறான். திடீரென்று ஒரு ‘கட்’. நாயகன் மடியில் இரட்டைக் குழந்தைகள். இடையில் என்ன நடந்தது என்று புரியாமல் நம் ஆள் தலையைச் சொறிகிறான்.