மெத்தடாலஜி பேப்பரை மட்டும் மனப்பாடம் செய்யவிடாதீர்கள்

வணக்கம் அம்மா. உங்கள் கடிதத்தில் இரண்டு கவலைகள் இருக்கின்றன. பி.ஏ. சமூகவியல் இரண்டாம் ஆண்டு படிக்கும் மகள் எம்.ஏ. முடித்துவிட்டு ஆராய்ச்சிப் பக்கம் போகிறேன் என்கிறாள், அது சோறு போடுமா என்பது ஒன்று. இந்த செமஸ்டரில் ஆராய்ச்சி முறையியல் பேப்பரில்தான் அவளுக்கு மார்க் குறைவு, அப்படியிருக்க இதெல்லாம் அவளுக்குச் சரிப்பட்டு வருமா என்பது இன்னொன்று. இரண்டாவதை முதலில் எடுத்துக்கொள்கிறேன், முதலாவதற்கான பதில் பாதி அதற்குள்ளேயே இருக்கிறது.

அந்த மார்க்கை வைத்து ஒன்றும் முடிவு செய்யாதீர்கள். நம் கல்லூரிகள் பலவற்றில் இந்தப் பாடம் நடக்கிற விதம் உங்களுக்குத் தெரிந்திருக்காது. கருதுகோள் என்றால் என்ன, மாதிரி எடுக்கும் முறைகள் எத்தனை, நேர்காணலின் நிறை குறைகள் யாவை என்று நோட்ஸ் வரும், அதை அப்படியே திருப்பி எழுதினால் மார்க் வரும். ஒரு வீட்டுக் கதவைக்கூடத் தட்டாமல் இந்தப் பேப்பரில் முதல் மாணவியாக வந்துவிடலாம். ஆனால் சமூகவியல், அரசியல் அறிவியல், பொருளாதாரம், சமூகப்பணி என எதைப் படித்தாலும், படித்து முடித்தவளைக் கையோடு வேலைக்குக் கூட்டிப்போகிற பேப்பர் இதுதான் என்பது என் எண்ணம். மற்றதெல்லாம் அறிவு, இது கைத்தொழில். கைத்தொழிலை மனப்பாடம் செய்ய முடியாது, அவ்வளவுதான் விஷயம்.

‘ஆராய்ச்சி செய்து என்ன ஆகப்போகிறது’ என்று உறவினர்கள் கேட்பதாக எழுதியிருந்தீர்கள். நமக்குத் தெரிந்த ஒன்றிலிருந்தே சொல்கிறேன். கொரோனாவில் பள்ளிகள் 18 மாதம் மூடிக் கிடந்தன அல்லவா, பிள்ளைகள் எல்லாவற்றையும் மறந்துவிட்டார்கள் என்று எல்லோரும் சொன்னோம். எவ்வளவு மறந்தார்கள் என்று சொல்ல யாரால் முடிந்தது? தமிழ்நாட்டுக் கிராமங்களில் 2019ல் குழந்தைகளின் கற்றல் நிலையை ஏற்கெனவே அளந்து வைத்திருந்த ஓர் ஆய்வுக் குழுவால் முடிந்தது. கார்த்திக் முரளிதரன், அபிஜீத் சிங், மவுரிசியோ ரொமேரோ ஆகியோரின் அந்த ஆய்வில் ஏறத்தாழ 19,000 குழந்தைகளை, 2021 டிசம்பர் தொடங்கி, வீட்டுக்கே போய்ச் சோதித்தார்கள். பின்தங்கல் பெரிதாகத்தான் இருந்தது. ஆனால் அதில் மூன்றில் இரண்டு பங்கு பள்ளி திறந்த ஆறு மாதத்துக்குள் சரியாகிவிட்டது, அப்படிச் சரியானதில் சுமார் கால் பங்கு தமிழக அரசின் ‘இல்லம் தேடிக் கல்வி’ என்னும் மாலை நேர வகுப்புத் திட்டத்தால் வந்தது என்று கணக்கிட்டார்கள். அரசு ஒரு திட்டத்தை நீட்டிப்பதா நிறுத்துவதா என்று யோசிக்கும்போது இந்த மாதிரி ஒரு எண் எத்தனை பேச்சுக்குச் சமம் என்று நீங்களே பாருங்கள்.

இதில் முறையியல் எங்கே இருக்கிறது என்று உங்கள் மகளிடம் கேளுங்கள், நல்ல பயிற்சியாக இருக்கும். பள்ளியில் வைத்துச் சோதிக்காமல் ஏன் வீட்டுக்குப் போனார்கள்? பள்ளிக்கு வராத பிள்ளைதான் அதிகம் பின்தங்கியிருப்பாள், வகுப்பறையில் அளந்தால் அவளே கணக்கில் வரமாட்டாள். 2019ல் எடுத்த அளவு கையில் இல்லாமல் 2021ல் மட்டும் சோதித்திருந்தால் என்ன சொல்லியிருக்க முடியும்? பிள்ளைகளுக்கு இவ்வளவு தெரியவில்லை என்று சொல்லலாம், அது கொரோனாவால்தானா என்று சொல்ல முடியாது. பாடப்புத்தகத்தில் மாதிரித் தேர்வு, அடிப்படை அளவீடு, ஒப்பீடு என்று வறட்சியாக வருவதெல்லாம் இதுதான்.

அப்புறம் இன்னொன்று, இந்த மாதிரி வேலைகளில் வீடுவீடாகப் போவது கட்டுரையில் பெயர் போட்டுக்கொள்கிற பேராசிரியர்கள் மட்டும் அல்ல. பயிற்சி பெற்ற களப்பணியாளர்கள், அவர்களுக்கு மேற்பார்வையாளர்கள், தினமும் வந்து விழும் தரவைச் சரிபார்க்கும் ஆராய்ச்சி உதவியாளர்கள் என்று ஒரு படையே தேவைப்படும். எம்.ஏ. முடித்த பெண் முதலில் நுழையக்கூடிய இடம் அதுதான்.

கேள்வி கேட்பதில் என்ன பெரிய வித்தை என்று தோன்றலாம். கட்டட வேலைக்குப் போகிற ஒருவரிடம் ‘உங்கள் மாத வருமானம் எவ்வளவு’ என்று கேட்டால் அவர் வாய்க்கு வந்த ஒன்றைச் சொல்வார். பொய் சொல்ல வேண்டும் என்றில்லை, அவர் கூலியை மாதக் கணக்கில் யோசிப்பதே இல்லை. போன வாரம் எத்தனை நாள் வேலை கிடைத்தது, அந்த நாட்களில் என்ன கூலி என்று கேட்டால் சரியாகச் சொல்லிவிடுவார். மத்திய அரசு 2017 முதல் நடத்தும் தொழிலாளர் கணக்கெடுப்பிலும் கடந்த ஏழு நாட்களை ஒவ்வொரு நாளாக எடுத்துத்தான் கேட்கிறார்கள். ‘சத்துணவும் பள்ளிக் கட்டடமும் நன்றாக இருக்கின்றனவா’ என்று இரண்டை ஒன்றாகச் சேர்த்துக் கேட்கிற வினாநிரலை நான் எம்.ஃபில். காலத்து ஆய்வேடுகளில் நிறையவே பார்த்திருக்கிறேன், அதற்கு ஆம் என்று பதில் வந்தால் அந்த ஆம் எதற்கு?

மாமியார் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போது மருமகளிடம் வீட்டுக் கொடுமை பற்றிக் கேட்க முடியுமா? தேசிய குடும்பநல ஆய்வில் அதற்கென்றே விதி இருக்கிறது. ஒரு வீட்டில் ஒரே ஒரு பெண்ணிடம்தான் அந்தப் பகுதியைக் கேட்க வேண்டும், தனிமை கிடைக்காவிட்டால் கேட்காமலே விட்டுவிட வேண்டும். அந்த ஆய்வின் ஐந்தாம் சுற்று 2019-21ல் நடந்தது, 6,36,699 வீடுகள். நடத்தியது மும்பை தேவனாரில் உள்ள சர்வதேச மக்கள்தொகை அறிவியல் நிறுவனம். அங்கே மக்கள்தொகையியலில் முதுகலை படிக்கலாம், உங்கள் மகள் அதைக் குறித்து வைத்துக்கொள்ளட்டும்.

சரி, கணக்குதான் அவளுக்குப் பயம் என்றும் எழுதியிருந்தீர்கள். பயப்படுகிற அளவுக்கு இல்லை. சதவீதம், சராசரி, திட்ட விலக்கம், அதற்கு மேலே ரெக்ரஷன் (ஒன்று மாறினால் இன்னொன்று எவ்வளவு மாறுகிறது என்று பார்க்கும் கணக்கு) வரை பொறுமையாகப் படித்தால் போதும், மீதியை மென்பொருள் பார்த்துக்கொள்ளும். எஸ்பிஎஸ்எஸ் என்ற புள்ளியியல் மென்பொருள் காசு கொடுத்து வாங்குவது, அதனால் அதே வேலையைச் செய்யும் ‘ஆர்’ பழகச் சொல்லுங்கள், இலவசம். கைப்பேசியில் வினாநிரல் போட்டுத் தரவு சேகரிக்க கோபோ டூல்பாக்ஸ் இருக்கிறது, தமிழிலேயே கேள்விகளை ஏற்றலாம். ஆனால் கணக்கு வராது என்பதற்காகப் எண்ணுக்குப் பதிலாகப் பேச்சையும் அனுபவத்தையும் வைத்துச் செய்கிற பண்புசார் ஆய்வுக்கு ஓடிவிடலாம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். ஒரு மணி நேர நேர்காணலை எழுத்தில் கொண்டுவரவே நாலைந்து மணி நேரம் பிடிக்கும், அதை வரிவரியாகக் குறியிட்டு, வகைப்படுத்தி, திரும்பத் திரும்பப் படித்துப் பொருள் காண்பது எண்களோடு மல்லுக்கட்டுவதை விடக் கடினமான வேலை. அதற்கு வேறு மாதிரி மூளை வேண்டும், குறைந்த மூளை அல்ல.

தமிழ் மீடியம் என்பதைக் குறையாக எழுதியிருக்கிறீர்கள். கள ஆய்வில் அது சொத்து. ஊரில் திண்ணையில் உட்கார்ந்து பேச்சுக் கொடுக்கத் தெரிந்தவளுக்குக் கிடைக்கும் பதில், ஆங்கிலத்தில் தயாரித்த கேள்வியைத் தட்டுத்தடுமாறி மொழிபெயர்த்துக் கேட்பவருக்குக் கிடைக்காது. என்றாலும் படிக்கவும் அறிக்கை எழுதவும் ஆங்கிலம் வேண்டும், அதில் சமாதானம் சொல்லிக்கொள்ள முடியாது. இந்த இரண்டு வருடத்தில் தினமும் கொஞ்சம் படித்தால் வந்துவிடும்.

இனி சோறு விஷயம். கல்லூரி ஆசிரியர் தகுதிக்கான யுஜிசி நெட் தேர்வில் ஜேஆர்எஃப் என்ற ஆராய்ச்சி உதவித்தொகை கிடைத்தால் முனைவர் பட்ட ஆய்வின் முதல் இரண்டு ஆண்டுகளுக்கு மாதம் 37,000 ரூபாய், அப்புறம் 42,000, வாடகைப்படி தனி. அந்தத் தேர்வின் முதல் தாளில் ஆராய்ச்சித் திறன் என்று ஒரு பகுதியே இருக்கிறது. ஆனால் ஜேஆர்எஃப் எல்லோருக்கும் கிடைப்பதில்லை, அதை மட்டுமே நம்பி வருடக்கணக்கில் வீட்டில் உட்கார வைக்காதீர்கள். தொண்டு நிறுவனங்களின் ஆய்வுப் பிரிவு, திட்ட மதிப்பீடு செய்யும் அமைப்புகள், சந்தை ஆய்வு நிறுவனங்கள், மென்பொருள் கம்பெனிகளில் பயனர் ஆய்வு என்று இடங்கள் உண்டு. சென்னையிலேயே, வறுமை ஒழிப்புத் திட்டங்களை மதிப்பீடு செய்யும் ஜே-பால் தெற்காசியா போன்ற அமைப்புகளுக்கு அலுவலகம் இருக்கிறது. மறைக்காமல் சொல்கிறேன், இவற்றில் பெரும்பாலானவை ஒப்பந்த வேலை. புராஜெக்ட் முடிந்தால் வேலையும் முடியும், அடுத்த புராஜெக்ட் தேடிக்கொண்டே இருக்க வேண்டும். மாதச் சம்பளமும் பென்ஷனும் மட்டுமே வேலை என்று நினைக்கிற வீட்டில் இது சண்டையைக் கொண்டுவரும், இப்போதே பேசிவிடுவது நல்லது.

அரசு வேலைதான் வேண்டும் என்றால், மத்திய அரசுப் பணிகளுக்கான எஸ்எஸ்சி சிஜிஎல் தேர்வு வழியாக இளநிலைப் புள்ளியியல் அலுவலர் பணி இருக்கிறது. எந்தப் பட்டமானாலும் சரி, பிளஸ் டூ கணக்கில் 60 சதவீதம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் பட்டப்படிப்பில் புள்ளியியல் ஒரு பாடமாக இருந்திருக்க வேண்டும். உங்கள் மகள் பட்டத்தில் புள்ளியியல் துணைப்பாடமாக வருகிறதா என்று சிலபஸைப் பாருங்கள், பலர் இதைக் கடைசி வருடம் முடிந்த பிறகுதான் கவனிக்கிறார்கள். பி.எட். போகச் சொல்கிற உறவினரிடம், சமூகவியலுக்குப் பள்ளியில் எத்தனை பணியிடம் வருகிறது என்று ஒரு தடவை கேளுங்கள்.

களத்துக்குப் பெண்ணை எப்படித் தனியாக அனுப்புவது என்பது நியாயமான கேள்வி. ஒழுங்கான அமைப்பு தனியாக அனுப்பாது, குழுவாக அனுப்பும், அடையாள அட்டையும் அனுமதிக் கடிதமும் கொடுக்கும், போக்குவரத்துக்கு ஏற்பாடு செய்யும். இவற்றைப் பற்றிக் கேட்டால் மழுப்புகிற இடத்துக்கு அவள் போக வேண்டியதில்லை.

எம்.ஏ.வுக்குக் கல்லூரி தேடும்போது கட்டடத்தையும் பிளேஸ்மென்ட் பேனரையும் பார்க்காதீர்கள். போன வருட மாணவர்களின் டிசர்டேஷன்களை நூலகத்தில் காட்டச் சொல்லுங்கள். பத்தை எடுத்துப் புரட்டினால் தெரிந்துவிடும். எல்லாமே ‘மதுரை மாவட்டத்தைச் சிறப்பாகக் கொண்டு ஓர் ஆய்வு’, எல்லாவற்றிலும் சொல்லிவைத்தாற்போல் 120 பேர், கடைசியில் வயதுக்கும் மனநிறைவுக்கும் தொடர்பு உண்டு என்று ஒரு கை-வர்க்கச் சோதனை (இரண்டு விஷயங்களுக்குத் தொடர்பு உண்டா என்று பார்க்கும் ‘கை-ஸ்கொயர்’ கணக்கு). இப்படி இருந்தால் அடுத்த கல்லூரியைப் பாருங்கள். பல்கலைக்கழக வாசலில் ஜெராக்ஸ் கடைகளில் ‘டேட்டா அனாலிசிஸ் செய்து தரப்படும்’ என்று போர்டு தொங்குகிறதே, அதெல்லாம் இந்த மாதிரித் துறைகளை நம்பித்தான் பிழைக்கிறது. வைவாவில் எப்படியோ தப்பித்துவிடலாம், வேலைக்கான நேர்காணலில் முதல் கேள்வியிலேயே மாட்டிக்கொள்வார்கள்.

இந்தக் கோடை விடுமுறைக்கு ஒரு யோசனை. 1916ல் சென்னைப் பல்கலைக்கழகப் பொருளாதாரப் பேராசிரியர் கில்பர்ட் ஸ்லேட்டர், தன் மாணவர்களை வினாப்பட்டியலோடு கிராமங்களுக்கு அனுப்பினார். யாரிடம் எவ்வளவு நிலம், என்ன கூலி, எவ்வளவு கடன் என்று அவர்கள் எழுதிவந்தது 1918ல் புத்தகமானது. அதில் ஓர் ஊர் இன்றைய விழுப்புரம் மாவட்டத்து இருவேல்பட்டு. பின்னால் வந்தவர்கள் அதே ஊருக்குத் திரும்பத் திரும்பப் போனார்கள், 1980களில் போனார்கள், 2008ல் ஜான் ஹாரிஸ், ஜெ. ஜெயரஞ்சன், கே. நாகராஜ் போனார்கள். ஒரு பெரிய நிலக்கிழார் குடும்பத்தின் பிடியில் இருந்த ஊர் எப்படி மாறியது என்று நூறாண்டு வரலாறு சொல்ல முடிந்ததற்குக் காரணம் அந்த மாணவர்களின் குறிப்பு.

உங்கள் மகள் ஊரையே எடுக்க வேண்டாம், உங்கள் தெருவை எடுக்கட்டும். முப்பது வீடு. தெருவின் வீடுகளை எல்லாம் முதலில் பட்டியல் போட்டு, தெரிந்தவர்கள் வீடாகப் பொறுக்காமல் சீட்டுக் குலுக்கித் தேர்ந்தெடுக்கட்டும். ஒரே விஷயம் போதும், உதாரணமாகப் பிளஸ் டூ முடித்த பெண்கள் அடுத்து என்ன செய்தார்கள், அதை யார் முடிவு செய்தது என்பது. எதற்காகக் கேட்கிறேன், பெயரை வெளியில் சொல்லமாட்டேன், விருப்பமில்லை என்றால் சொல்ல வேண்டாம் என்று ஒவ்வொரு வீட்டிலும் முதலில் சொல்லட்டும். நாலு வீட்டில் கேட்டுப் பார்த்துவிட்டுக் கேள்விகளைத் திருத்தி, அப்புறம் மீதிக்குப் போகட்டும். அன்றன்று இரவே குறிப்பு எழுதிவிட வேண்டும், மறுநாள் பாதி மறந்துவிடும்.

கதவைச் சாத்துவார்கள், சிலர் காபி கொடுத்து இரண்டு மணி நேரம் சொந்தக் கதை சொல்வார்கள். நீங்கள் கூடப் போகாதீர்கள், நீங்கள் பக்கத்தில் நின்றால் தெருவில் யாரும் உண்மை பேசமாட்டார்கள். முப்பது வீடு முடித்த பிறகும் அவளுக்கு ஆசை இருக்கிறதென்றால் இரண்டு பேரும் வாருங்கள், எம்.ஏ. விண்ணப்பங்களை உட்கார்ந்து பார்ப்போம். வரும்போது அந்த நோட்டை எடுத்து வரச் சொல்லுங்கள், மார்க் ஷீட் வேண்டாம்.