கேள்வி: திருநங்கைகளும் ஓரின ஈர்ப்பாளர்களும் வேறு வேறுதானே? எல்ஜிபிடிக்யூ என்று ஏன் ஒன்றாகச் சேர்க்கிறார்கள்?

வேறு வேறுதான். யார் மீது மனம் போகிறது என்பது ஒன்று, தான் ஆணா பெண்ணா என்று உள்ளுக்குள் உணர்வது இன்னொன்று. பெண்ணை நேசிக்கும் திருநங்கையும் உண்டு, ஆணை நேசிக்கும் திருநம்பியும் (பெண் என்று வளர்க்கப்பட்டு, தன்னை ஆணாக உணர்பவர்) உண்டு. (திருநம்பிகளைப் பல பேர் மறந்தே போகிறார்கள். எல்ஜிபிடிக்யூவில் வரும் 'டி' (டிரான்ஸ்) என்றாலே திருநங்கை என்று முடித்துவிடுகிறோம்.)

நான் ஆண்களை விரும்பும் ஆண், சென்னைவாசி. சென்னையில் 2009 முதல் ஜூன் மாதம் வானவில் பேரணி நடக்கிறது. 2013-ல் முதல்முறை போனபோது ஆபீசில் யாராவது பார்த்துவிடுவார்களோ என்று முகமூடி போட்டிருந்தேன். பக்கத்தில் ஒரு திருநங்கை அக்கா, பட்டுப்புடவை, தலை நிறைய மல்லி. என் கை நடுங்குவதைப் பார்த்துவிட்டு, "கழட்ட வேணாம் தம்பி. மூச்சு முட்டுனா மட்டும் ஓரமா வந்து நில்லு" என்றார். தண்ணீர் பாட்டிலையும் நீட்டினார்.

திருநங்கைகளுக்கு ஒளிந்துகொள்ள முகமூடி கிடையாது. ஓரின உறவைக் குற்றமாக்கி எங்களைக் குற்றவாளியாக்கிய 377-ஆவது சட்டப்பிரிவைக் காட்டித்தான் போலீஸ் அவர்களையும் மிரட்டியது. வீட்டைவிட்டுத் துரத்தப்பட்ட பிள்ளைகளுக்குச் சோறு போட்டது ஜமாத், அதாவது திருநங்கைகள் தங்களுக்குள் அமைத்துக்கொண்ட குடும்பம். தமிழக அரசு 2008-லேயே நலவாரியம் அமைத்தது, 2014-ல் உச்ச நீதிமன்றம் மூன்றாம் பாலினத்தை அங்கீகரித்தது என்றால், பல வருடம் தெருவில் நின்று கேட்டவர்கள் அவர்கள். ஓரின உறவு குற்றமில்லை என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பு சொன்ன 2018 செப்டம்பரில்தான் எங்களுக்கு விடிந்தது. அதனால் 'டி'யை நாங்கள் சேர்த்துக்கொண்டோம் என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும்.

ஆனால் சேர்ந்த பிறகு நாங்கள் சரியாக நடந்துகொள்ளவில்லை. கூட்டங்கள் ஏசி அறையில், ஆங்கிலத்தில் நடக்கும். அந்த அக்கா இரண்டு மணி நேரம் வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்ததைப் பார்த்திருக்கிறேன். 377 தீர்ப்பு வந்த வாரம் எல்லோரும் கேக் வெட்டிக்கொண்டிருந்தபோது, "எனக்கு ஒரு வாடகை வீடு பாத்துக் குடுங்கப்பா" என்றார். அவ்வளவுதான் கேட்டார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நானும் கூடப் போனேன். பெரம்பூரில் மூன்றாவதாகப் பார்த்த வீட்டில், ஓனர் அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "நேத்தே ஆள் வந்துட்டாங்க" என்றார். அக்கா எதுவும் பேசாமல் படியிறங்கினார். பின்னாலேயே போன என்னைக் கையைப் பிடித்து நிறுத்தி, ஓனர் மெதுவாகச் சொன்னார்: "உங்களுக்குன்னா தரேன் தம்பி. அட்வான்ஸ் எப்ப குடுப்பீங்க?"