‘அடுத்த வாரம் வாங்க’ என்றால் காலக்கெடு நிற்காது

கேள்வி: பிரிட்ஜ் வாங்கிய எட்டாம் மாதமே கம்ப்ரஸர் போனது. கடைக்காரர் இழுத்தடித்தார். வக்கீல் நோட்டீஸும் விட்டேன். இப்போது ‘இரண்டு வருஷம் தாண்டிவிட்டது, கேஸ் நிற்காது’ என்கிறார். நோட்டீஸ் தேதியிலிருந்து எண்ணக் கூடாதா?

பதில்: கூடாது. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019, பிரிவு 69 தருவது, பிரச்சினை எழுந்த நாளிலிருந்து 2 ஆண்டு. நோட்டீஸ் அந்தக் கணக்கை நிறுத்தாது. ‘அடுத்த வாரம் வாங்க’ என்ற கடைக்காரர் வாக்கும் நிறுத்தாது. அது அவருக்கு நன்றாகத் தெரியும், அதனால்தான் அவ்வளவு பணிவாகச் சொல்கிறார்.

நான் வாங்கிய இன்வெர்ட்டர் பேட்டரி ஏழாம் மாதம் பக்கவாட்டில் உப்பியது. வாரன்டி அட்டையில் கடை முத்திரையே இல்லை. ‘கம்பெனிக்கு மெயில் போட்டாச்சு சார்’ என்பதை நம்பி இரண்டரை வருஷம் நடந்தேன். 14,000 ரூபாய் போனது போனதுதான். இன்றும் மனம் ஆறவில்லை.

உங்களுக்கு வழி இருக்கிறது. போதிய காரணம் காட்டினால், அதைப் பதிவு செய்து நுகர்வோர் ஆணையம் தாமதத்தை மன்னிக்கலாம். சர்வீஸ் ஆள் தந்த சீட்டுகள், வாட்ஸ்அப் பதில்கள் எல்லாவற்றையும் தேதிவாரியாக அடுக்கி, தாமத மன்னிப்பு மனுவோடு இந்த வாரமே போடுங்கள்.

கேள்வி: மிக்ஸி வாங்கியது 2021-ஆ, 2022-ஆ என்று நினைவில்லை. பில்லும் இல்லை. வழக்குப் போடலாமா?

பதில்: எந்த நாளிலிருந்து எண்ணச் சொல்கிறீர்கள்? முதலில் பில்லைத் தேடுங்கள்.

கேள்வி: பில்டர் சாவியைக் கொடுத்து ஆறு வருஷம் ஆகிறது. கட்டடத்தில் குடியேறலாம் என்று தரப்படும் சான்றிதழ் இன்னும் வரவில்லை. கேட்டால் காலாவதி என்கிறார்.

பதில்: விடாதீர்கள். மும்பை சம்ருத்தி வீட்டுவசதிச் சங்க வழக்கில், சான்றிதழ் வாங்கித் தராதது தொடர்ந்து நடக்கும் தவறு என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தவறு நீடிக்கும்வரை உங்கள் உரிமையும் நீடிக்கும்.

கேள்வி: 2022 ஏப்ரல் 10-ல் நண்பருக்கு 2 லட்சம் கொடுத்துப் புரோநோட்டு வாங்கினேன். 2023 தீபாவளிக்கு 5,000 ரூபாய் கையில் தந்தார். 2025 ஜூலையில் வழக்குப் போட்டேன். அவர் காலாவதி என்று சொல்லவே இல்லை, நீதிபதியே கேட்கிறார். இது நியாயமா?

பதில்: அது நீதிபதியின் கடமை. காலவரையறைச் சட்டம் 1963, பிரிவு 3-ன்படி, எதிராளி வாய் திறக்காவிட்டாலும் கெடு கடந்த வழக்கைத் தள்ளுபடி செய்தே ஆக வேண்டும். புரோநோட்டுக்குக் கெடு 3 ஆண்டு. அது கோடை விடுமுறையில் முடிந்திருந்தால் கோர்ட் திறக்கும் நாளில் போட்டிருக்கலாம். ஏப்ரலில் முடிந்ததற்கு அந்தச் சலுகை இல்லை. மேல்முறையீட்டுக்குத் தாமத மன்னிப்பு உண்டு, அசல் வழக்குக்குக் கிடையாது.

அந்த 5,000 ரூபாயை நோட்டின் பின்பக்கம் தேதியோடு வரவு வைத்து, அவர் கையெழுத்தை வாங்கியிருந்தால் அன்றிலிருந்து புதிதாக 3 ஆண்டு கிடைத்திருக்கும். இரண்டு வரி எழுத அன்றைக்கு என்ன கூச்சம்? நண்பர் கடனை மறுக்கவில்லை என்றால் இப்போதும் போய்க் கேளுங்கள். தருகிறேன் என்று அவர் எழுதிக் கையெழுத்திட்டால், ஒப்பந்தச் சட்டம் 25(3)-ன்படி காலாவதியான கடனுக்கும் அது செல்லும்.