வங்காளி நமக்குப் பங்காளியா?

கேள்வி: 'வங்கம்' என்றால் தூய தமிழில் கப்பல். ஆண்டாளே 'வங்கக் கடல் கடைந்த' என்று பாடியிருக்கிறாள். கப்பலில் போய்த் தமிழர் குடியேறிய நாடுதான் வங்கம். பிறகு ஆரியர் வந்து மொழியை மாற்றினார்கள். துருக்கர் வந்து வாளைக் காட்டி மதத்தை மாற்றினார்கள். சோறு, மீன், நிறம் எதைப் பார்த்தாலும் அவர்கள் நம் ஆட்கள்தான். வங்காளிகள் மொழி மறந்த தமிழர்கள் என்று எங்கள் வாட்ஸ்அப் குழுவில் எழுதினேன், பெரிய வாக்குவாதம் ஆகிவிட்டது. சுற்றி வளைக்காமல் ஆமாவா, இல்லையா என்று சொல்லவும்.
(பெயர் வெளியிட வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட ஈரோடு வாசகர்)

பதில்: இல்லை.

சுருக்கமாகக் கேட்டீர்கள், சொல்லிவிட்டேன். ஆனால் ஒரே மூச்சில் ஐந்தாறு விஷயங்களைக் கட்டி அனுப்பியிருக்கிறீர்கள். மூட்டையைப் பிரிக்காமல் விட மனமில்லை.

முதலில் ஆண்டாளை விட்டுவிடுங்கள், பாவம். 'வங்கக் கடல்' என்று அவள் பாடியது கப்பல்கள் ஓடும் கடலை. அது கடைந்த பாற்கடல், விசாகப்பட்டினத்துக்குக் கிழக்கே இருக்கும் வங்காள விரிகுடா அல்ல. வங்கம் என்றால் கப்பல் என்பதில் சந்தேகமே இல்லை. 'உலகு கிளர்ந்தன்ன உருகெழு வங்கம்' என்று அகநானூறு சொல்கிறது. அதே சொல்லுக்கு ஈயம், தகரம் என்றும் பொருள் உண்டு. சித்த மருந்துக் கடையில் வங்க பற்பம் கேட்டால் கப்பலைப் பொடித்துத் தர மாட்டார்கள். ஓசை ஒன்றாக இருப்பதால் மட்டும் ஊரும் உறவும் ஒன்றாகிவிடும் என்றால், 'வங்காளி'க்கும் நம்முடைய 'பங்காளி'க்கும் ஒரெழுத்துதான் வித்தியாசம். அதை வைத்துச் சொத்தில் பங்கு கேட்டுவிடலாம்.

தமிழில் வங்காளத்தைப் பற்றிய நல்ல சாட்சி உண்மையிலேயே இருக்கிறது. நீங்கள் அதை விட்டுவிட்டீர்கள். போளூருக்குப் பக்கத்தில் திருமலை என்ற சமணக் குன்றில் ராஜேந்திர சோழனின் 13ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு இருக்கிறது. கங்கைப் படையெடுப்பைச் சொல்லும் அந்த மெய்க்கீர்த்தியில் 'கோவிந்த சந்தன் மாவிழிந்தோடத் தங்காத சாரல் வங்காள தேசமும்' என்று ஒரு வரி. ஏறி வந்த யானையை விட்டு இறங்கி அரசன் ஓடினான், ஓயாத மழைச்சாரல் உள்ள அந்த நாட்டைப் பிடித்தோம் என்று பொருள். அந்த ஊர் ஆனி ஆடி மாதங்களை ஒரு தடவை பார்த்தவர்களுக்கு 'தங்காத சாரல்' எவ்வளவு சரியான சொல் என்று தெரியும். அப்புறம் பால வம்சத்து அரசன் மகிபாலனை அஞ்ச வைத்து 'ஒண்திறல் யானையும் பெண்டிர் பண்டாரமும்' கொண்டுவந்ததாகவும் அதே கல்வெட்டு பெருமையடிக்கிறது. மொழி மறந்த சொந்தக்காரர்கள் வீட்டுக்குப் போனவர்கள் செய்கிற காரியமா இது?

அந்த மெய்க்கீர்த்தியில் இன்னொரு விஷயத்தையும் கவனியுங்கள். தண்டபுத்தி, தக்கண லாடம், வங்காள தேசம், உத்தர லாடம் என்று நான்கு நாடுகளைத் தனித்தனியாக எண்ணுகிறது. அவற்றில் மூன்றுக்கு அரசன் பெயரையும் தனித்தனியாகச் சொல்கிறது, கடைசியில் மகிபாலன். இன்று இந்த நான்கையும் சேர்த்துத்தான் நாம் வங்காளம் என்கிறோம். அன்றைக்கு அந்தப் பெயர் கிழக்கே இருந்த சதுப்பு நிலப் பகுதிக்கு மட்டும் உரியது. லாடம் என்பது மேற்கே உள்ள ராட் பகுதி. கொல்கத்தா பக்கத்து 'பத்ரலோக்' (படித்த மேட்டுக்குடி) முன்னோர்களிடம் போய் 'நீங்கள் வங்காளியா' என்று அப்போது கேட்டிருந்தால் கோபித்துக்கொண்டிருப்பார்கள்.

ஏனென்றால் அது ஒரு ஏளனப் பெயர். வங்காள மொழியின் மிகப் பழைய பாடல்கள் என்று சொல்லப்படும் சரியாபதங்களை ஹரபிரசாத் சாஸ்திரி 1907இல் நேபாள அரண்மனை நூலகத்தில் கண்டெடுத்தார். அதில் பூசுகு என்ற பௌத்த சித்தர், 'பூசுகு இன்று பங்காளி ஆகிவிட்டான், சண்டாளியை மனையாளாக்கிக்கொண்டான்' என்று தன்னையே பாடிக்கொள்கிறார். சாதியும் மரியாதையும் போய்விட்டது என்பதைச் சொல்ல அவருக்குக் கிடைத்த சொல் அதுதான். (அந்தப் பாடல்கள் தங்களுடையவை என்று அசாமியரும் ஒடியரும் மைதிலிக்காரரும்கூடக் கேட்கிறார்கள். அந்தக் காலத்தில் இந்த மொழிகள் இன்னும் சரியாகப் பிரியவில்லை, ஆகவே எல்லோருடைய கோரிக்கையிலும் நியாயம் உண்டு.) 15ஆம் நூற்றாண்டுக் கடைசியில் நவத்வீபத்தில் பிறந்த சைதன்யர் இளவயதில் கிழக்கத்திக்காரர்களின் பேச்சை நடித்துக் காட்டிச் சிரிப்பாராம். அவருடைய தகப்பனாரே கிழக்கே சில்ஹெட்டிலிருந்து வந்தவர். இன்றும் கிழக்கத்திக் குடும்பம் என்றால் 'பாங்கால்', மேற்கு என்றால் 'கோட்டி'. ஈஸ்ட் பெங்கால் ஜெயித்தால் ஹில்சா மீன், மோகன் பகான் ஜெயித்தால் இறால் என்று கால்பந்து மைதானம்வரை அந்தச் சண்டை போகிறது.

கேலிப் பெயர் எப்படி எல்லோருக்கும் பொதுப் பெயர் ஆயிற்று? இந்த இடம் உங்களுக்குக் கசக்கும். 14ஆம் நூற்றாண்டில் லக்னௌதி, சாத்காவ், சோனார்காவ் என்று பிரிந்து கிடந்த பகுதிகளை ஒரே ஆட்சியின்கீழ் கொண்டுவந்தவர் ஷம்சுதீன் இலியாஸ் ஷா. தில்லி வரலாற்றாசிரியர் அவரை 'ஷாஹே பங்காலா' என்றே எழுதுகிறார். நாடு முழுவதற்கும் அந்தப் பெயர் நிலைத்தது அதற்குப் பிறகுதான். ஆக, 'வங்காளம்' என்ற மொத்தப் பெயரை நமக்குக் கொடுத்தது நீங்கள் வந்தேறி என்று ஒதுக்குகிற துருக்க சுல்தான்கள். பாகவதத்தை வங்காளியில் பாடிய மாலாதர் பாசுவுக்கு 'குணராஜ் கான்' என்று பட்டம் கொடுத்ததும் ஒரு சுல்தான்தான்.

வாளைக் காட்டி மதம் மாற்றியதாகச் சொல்வதைப் பற்றி. 1872இல் முதல் மக்கள்தொகைக் கணக்கு எடுத்தபோது ஆங்கிலேய அதிகாரிகளே திகைத்துப் போனார்கள். வங்காளத்தில் ஏறக்குறைய பாதிப் பேர் முஸ்லிம்கள். அதுவும் சுல்தான்களின் தலைநகரங்களைச் சுற்றி இல்லை. கிழக்கே, படகில்தான் போக முடிகிற உழவர் கிராமங்களில். வாள்தான் காரணம் என்றால் தில்லிக்குப் பக்கத்தில் அல்லவா அதிகம் இருந்திருக்க வேண்டும்? எனக்குச் சரியாகப் படுகிற விளக்கம் ஆறும் அரிவாளும்தான். 16ஆம் நூற்றாண்டில் கங்கையின் பெருவெள்ளம் கிழக்கே பத்மா வழியாகத் திரும்பிற்று. புது வண்டல், புதுக் காடு. முகலாயர்கள் 17ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் டாக்காவைத் தலைநகராக்கி, காட்டை வெட்டி நெல் விளைப்பவர்களுக்கு நிலமானியம் கொடுத்தார்கள். வாங்கியவர்களில் இந்துக்களும் உண்டு, முஸ்லிம்களும் உண்டு. ஒரு பீர் (முஸ்லிம் ஞானி) ஆள் சேர்த்துக் காட்டைத் திருத்துவார், நடுவில் ஓலைக் கூரையில் ஒரு பள்ளிவாசல் எழும்பும், நான்கைந்து தலைமுறையில் ஊரே அந்தப் பள்ளிவாசலைச் சேர்ந்ததாகிவிடும். அதற்கு முன் அந்த மக்களில் பலர் எந்தக் கோயில் வாசலுக்கும் போனவர்கள் அல்ல, 'மாற்றுவதற்கு' அங்கே பெரிதாக எதுவும் இருக்கவில்லை. சுந்தரவனத்தில் தேன் எடுக்கப் போகிற இந்துவும் முஸ்லிமும் இன்றைக்கும் புலிக்குப் பயந்து கும்பிடுவது காட்டுத் தெய்வமான ஒரே போன்பீபியைத்தான். அவள் கதைப்படி அரபு நாட்டிலிருந்து வந்தவள்.

சரி, ஆரியர். வட இந்திய வைதிகர்கள் அந்த மண்ணை எப்படிப் பார்த்தார்கள் என்பதற்குப் பௌதாயன தருமசூத்திரம் போதும். வங்கத்துக்கோ புண்டரத்துக்கோ (வட வங்காளம்) போய் வந்தவன் பரிகார வேள்வி செய்யவேண்டும் என்கிறது. அவ்வளவு தீட்டாம்! அங்கே கிடைத்த மிகப் பழைய கல்வெட்டு இன்றைய வங்கதேசத்தில் மகாஸ்தான்கர் என்ற ஊரில் 1931இல் கண்டெடுக்கப்பட்டது. கி.மு. 3ஆம் நூற்றாண்டு பிராமி எழுத்து. அரசன் புகழ் கிடையாது. நெருக்கடிக் காலத்தில் மக்களுக்கு நெல்லும் பணமும் கொடுப்பது பற்றியும், நிலைமை சீரானதும் களஞ்சியத்தைத் திரும்ப நிரப்புவது பற்றியும் ஓர் உத்தரவு. மொழி பிராகிருதம். ஆனால் அதைப் பேசக் கற்றுக்கொண்டவர்கள் முன்பு வேறு மொழிகள் பேசியவர்கள். இங்கேதான் உங்கள் பேச்சில் ஒரு குந்துமணி உண்மை இருக்கிறது.

வங்காளியில் 'ஆமி சாத்ரோ' என்றால் 'நான் மாணவன்'. இந்தியைப் போல 'ஹூம்' வேண்டாம், நம்மைப் போலவே முடிந்துவிட்டது. வினைச்சொல்லில் ஆண்பால் பெண்பால் இல்லை. இருபதுக்கு 'குடி', நான்குக்கு 'கண்டா' என்று எண்ணுகிற பழைய வழக்கம் உண்டு. 'குடி' முண்டா மொழிகளின் வழி வந்தது என்பது பல மொழியியலாளர்களின் கருத்து. பக்கத்து ராஜ்மகல் மலையில் இன்றும் மால்தோ பேசுகிறார்கள், அது திராவிட மொழி. கிழக்கே போகப் போகத் திபெத்திய-பர்மிய மொழிகள். மரபணு ஆய்விலும் கிழக்கு வங்காளத்தில் கிழக்காசியக் கலப்பு தெரிகிறது. முண்டா, திராவிடம், திபெத்திய-பர்மியம் எல்லாம் அந்த மண்ணில் கலந்திருக்க, திராவிடத்தை மட்டும் பொறுக்கி எடுத்து, அதிலும் 'தமிழர்' என்று முத்திரை குத்தினால் எப்படி? திராவிட மொழி பேசியவர் எல்லோரும் தமிழர் என்றால் கோபித்துக்கொள்ள முதல் ஆளாகப் பக்கத்து மாநிலத்துக்காரர் வருவார்.

அவருக்கு ஒரு நியாயமும் இருக்கிறது. தெற்கிலிருந்து போய் வங்காளத்தை உண்மையாகவே ஆண்டவர்கள் சேனர்கள், அவர்கள் சொல்லிக்கொண்ட பூர்விகம் கர்நாடகம். நானூறு வருஷம் பௌத்தப் பாலர்கள் ஆண்ட மண்ணில் 12ஆம் நூற்றாண்டில் வைதிகத்தைக் கெட்டியாக ஊன்றியவர்கள் அவர்கள். ஆக, 'தெற்கத்திக்காரர்கள் நம் ஆட்கள், ஆரியம் வேறு' என்ற கணக்கும் அங்கே தலைகீழாகிறது.

மீன் விஷயத்தில் ஒரு வரி. பிராமணன் மீன் தின்னலாமா என்று சண்டை வந்தபோது, பவதேவ பட்டர் என்ற அமைச்சர் சாஸ்திரங்களிலிருந்தே ஆதாரம் காட்டித் தின்னலாம் என்று எழுதி வைத்தார். ஆறும் குளமுமாக இருக்கிற நாட்டில் வேறு என்னதான் செய்வார்?

கடைசியாக, 'மொழி மறந்த' என்று எழுதினீர்களே. 17ஆம் நூற்றாண்டில் சந்துவீப் தீவைச் சேர்ந்த அப்துல் ஹக்கீம் என்ற முஸ்லிம் கவிஞர், வங்கத்தில் பிறந்து வங்கமொழியை வெறுப்பவர்கள் யாருக்குப் பிறந்தவர்களோ தெரியவில்லை என்று நேரடியாகவே திட்டிப் பாடினார். 1952 பிப்ரவரி 21இல், அப்போது பாகிஸ்தானில் இருந்த டாக்காவில், உருதுவோடு வங்காளியும் அரசமொழியாக வேண்டும் என்று கேட்டவர்கள்மீது போலீஸ் சுட்டது. அந்தத் தேதியைத்தான் யுனெஸ்கோ 1999இல் தாய்மொழி நாளாக அறிவித்தது. 1961 மே 19இல் அசாமின் சில்சார் ரயில் நிலையத்தில், அசாமியை மட்டும் ஆட்சிமொழியாக்கியதை எதிர்த்து மறியல் செய்தவர்களைச் சுட்டதில் 11 பேர் இறந்தார்கள். அவர்களில் ஒருவர் கமலா பட்டாச்சார்யா, மெட்ரிகுலேஷன் தேர்வை எழுதி முடித்திருந்த 16 வயதுப் பெண். உங்கள் குழுவில் அடுத்த தடவை அந்த வரியை அனுப்புவதற்கு முன்னால் இந்தப் பெயரையும் சேர்த்து அனுப்புங்கள், யாராவது பதில் எழுதுகிறார்களா பார்ப்போம்.