லைப்ரரி புதுசு, ஓடுவது பழசு

கேள்வி: ஒரு சிறிய அச்சகத்தின் மெயில் சர்வரைப் பார்த்துக்கொள்கிறேன். உபுண்டு, மெயிலை வாங்கி அனுப்பும் போஸ்ட்ஃபிக்ஸ், அதை ஊழியர்கள் படிக்கக் கொடுக்கும் டவ்காட். இணைப்புகளை மறையாக்கம் செய்யும் ஓபன்எஸ்எஸ்எல் லைப்ரரிக்குப் பாதுகாப்புத் திருத்தம் வந்தது, அப்டேட் செய்தேன். பேக்கேஜ் பட்டியலில் புது எண்தான் காட்டுகிறது. ஆனால் தணிக்கைக்கு வந்தவர், டவ்காட் இன்னும் பழைய லைப்ரரியில்தான் ஓடுகிறது என்கிறார். ஃபைலே மாறிய பிறகு அது எப்படி முடியும் சார்? (ஒரு வாசகர், சிவகாசி)

பதில்: அவர் சொல்வது சரி. உங்கள் மேல் தவறில்லை, ஆனால் வேலை பாதியில் நிற்கிறது.

ஒரு ப்ராசஸ், அதாவது ஓடும் நிரல், தொடங்கும்போது ஷேர்டு லைப்ரரியை (பல நிரல்கள் பொதுவாகப் பயன்படுத்தும் ஃபைலை) மெமரியில் இணைத்துக்கொள்கிறது. அதற்குப் பிறகு ஃபைல் பெயரை அது திரும்பிப் பார்ப்பதே இல்லை. அப்டேட்டின்போது பேக்கேஜ் மேனேஜர் புது ஃபைலைப் பக்கத்தில் எழுதி வைத்து, பெயரை மட்டும் மாற்றிவிடுகிறது. பழைய ஃபைலுக்குப் பெயர் போய்விடும், ஆனால் அதைப் பிடித்திருக்கும் கடைசி ப்ராசஸ் முடியும்வரை டிஸ்கில் இருக்கும். நீங்கள் பார்த்தது புது ஃபைலை. டவ்காட் பிடித்திருப்பது பெயரில்லாத பழையதை.

2014 ஏப்ரலில் ஓபன்எஸ்எஸ்எல்லில் ஹார்ட்ப்ளீட் வந்தபோது இதை நேரில் பட்டேன். ஒவ்வொரு கேள்விக்கும் சர்வரின் மெமரியிலிருந்து 64 கேபி வரை வெளியே கசியவிட்ட ஓட்டை அது. அன்றிரவே அப்டேட் போட்டுவிட்டுப் படுத்தேன். காலையில் சோதித்தால், ஐமேப் வழியாக மெயில் படிக்கும் 993 போர்ட்டில் ஓட்டை அப்படியே இருக்கிறது! லைப்ரரியின் பெயர் முன்பும் பின்பும் லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.0.0 தான். அதனால் பெயரைப் பார்த்து ஒன்றும் தெரியவில்லை. கடைசியில், ஓடும் ப்ராசஸ்களின் விவரம் இருக்கும் ப்ராக் அடைவுக்குள், டவ்காட்டின் ஐமேப்-லாகின் ப்ராசஸ் எந்த ஃபைல்களைப் பிடித்திருக்கிறது என்று காட்டும் மேப்ஸ் ஃபைலைத் திறந்தேன். அந்த லைப்ரரியின் வரிக்குப் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் 'டெலீட்டட்' என்று இருந்தது. ஊழியர்களின் கடவுச்சொற்கள் அந்த ப்ராசஸ் வழியாகத்தான் போய்க்கொண்டிருந்தன. ரீஸ்டார்ட் செய்து, சான்றிதழையும் சாவியையும் மாற்றி, எல்லாரையும் கடவுச்சொல் மாற்றச் சொன்னேன்.

நீங்களும் அதே இடத்தில் பாருங்கள். ஒரு நிரலுக்கு வேண்டிய லைப்ரரிகளைப் பட்டியலிடும் எல்டிடி கட்டளை போதாது. அது டிஸ்கில் இப்போது இருப்பதைத்தான் சொல்லும், ஓடும் ப்ராசஸ் எதைப் பிடித்திருக்கிறது என்று சொல்லாது. போஸ்ட்ஃபிக்ஸின் மைஎஸ்க்யூஎல் மாட்யூல் போல, ஓடும்போது தேவைக்கேற்பத் திறக்கப்படும் லைப்ரரிகளும் அதில் வராது.

போஸ்ட்ஃபிக்ஸைப் பற்றித் தணிக்கைக்காரர் ஏன் பேசவில்லை என்று யோசித்திருப்பீர்கள். மெயிலை வாங்கும் அதன் எஸ்எம்டிபிடி ப்ராசஸ் இயல்பான அமைப்பில் 100 இணைப்புகளைப் பார்த்ததும் முடிந்துவிடும். 100 விநாடி சும்மா இருந்தாலும் அப்படித்தான். அடுத்து பிறப்பது புது லைப்ரரியை எடுத்துக்கொள்ளும். டவ்காட்டில் அப்படி இல்லை. ஃபோன்கள் ஐமேப் இணைப்பைப் பிடித்துக்கொண்டே இருக்கும், ப்ராசஸும் நாள்கணக்கில் உயிரோடிருக்கும். ஆகவே இரண்டையும் ரீஸ்டார்ட் செய்யுங்கள். டவ்காட்டுக்கு ரீலோடு மட்டும் வேண்டாம். ஃபோன்கள் ஒருமுறை துண்டிக்கப்பட்டுத் தானாக மறுபடி இணையும், மதிய உணவு நேரத்தில் செய்தால் யாருக்கும் தெரியாது. சர்வரையே ரீபூட் செய்யத் தேவையில்லை. அடுத்த முறை எதை ரீஸ்டார்ட் செய்யவேண்டும் என்று உபுண்டுவின் நீட்ரீஸ்டார்ட் நிரலே சொல்லும். அப்டேட் முடிவில் அது காட்டுவதை அவசரத்தில் தாண்டிப் போகாதீர்கள்.

அப்புறம் ஒன்று. லைப்ரரி ஃபைலை எங்கிருந்தாவது கொண்டுவந்து, பழையதன் மேலேயே சிபி கட்டளையால் எழுதிவிடாதீர்கள். அது பெயரை மாற்றுவதில்லை, ஓடும் ப்ராசஸ் பிடித்திருக்கும் அதே ஃபைலின் உள்ளடக்கத்தையே மாற்றுகிறது. அந்த நொடியே எல்லாம் சரியும்.

கேள்வி: புது உபுண்டுவில் எங்கள் பழைய மெயில் ஃபில்டர் லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 இல்லை என்கிறது. புது .எஸ்ஓ.3 ஃபைலுக்கு அந்தப் பெயரில் ஒரு சிம்லிங்க் (வேறு ஃபைலைச் சுட்டும் பெயர்) போட்டால் போதாதா? (ஒரு வாசகி, ஓசூர்)

பதில்: போதாது அம்மா. பெயரின் கடைசி எண் அலங்காரத்துக்கு இல்லை, அது மாறினால் பழைய நிரல்களோடு பொருந்தாது என்பதற்கான அறிவிப்பு. சிம்லிங்க் போட்டால், ஓபன்எஸ்எஸ்எல்_1_1_0 என்ற பதிப்பு கிடைக்கவில்லை என்று அடுத்த பிழை வரும். 1.1.1-க்கான பொதுத் திருத்தங்கள் 2023 செப்டம்பரோடு நின்றுவிட்டன. பழைய லைப்ரரியைத் தேடி நிறுவவும் வேண்டாம், ஃபில்டரின் மூல நிரல் கையில் இருந்தால் 3-க்கு எதிராகத் திரும்ப கம்பைல் செய்யுங்கள்.