சர்ச் ஐயரை மாற்றுவது யார், பத்திரம் யார் பெயரில்?

கேள்வி: எங்கள் தெருவிலேயே மூன்று சர்ச் இருக்கிறது. ஒன்று சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை), ஒன்று ஆர்.சி. (ரோமன் கத்தோலிக்கம்), இன்னொன்று பெந்தெகொஸ்தே. சட்டப்படி இவையெல்லாம் என்ன? சங்கமா, டிரஸ்டா, கம்பெனியா? (ஒரு வாசகர், பாளையங்கோட்டை)

பதில்: கம்பெனியா என்று கிண்டலாகக் கேட்டிருப்பீர்கள். ஆனால் சி.எஸ்.ஐ. விஷயத்தில் அது நிஜம். அதன் சொத்துகளில் பெரும்பகுதி, லாப நோக்கமில்லாத கம்பெனியாக 1947-இல் பதிவான சி.எஸ்.ஐ. டிரஸ்ட் அசோசியேஷன் பெயரில் இருக்கிறது. உங்கள் தாத்தா காலத்தில் ஊரே கூடிக் கல் சுமந்து கட்டிய கோயிலாக இருந்தாலும், பத்திரம் அந்தப் பெயரில் இருந்தால் உள்ளூர் சேகர கமிட்டி தன் இஷ்டத்துக்கு ஒரு சென்ட் நிலத்தைக்கூட விற்க முடியாது.

1947 செப்டம்பர் 27 அன்று சென்னை செயின்ட் ஜார்ஜ் கதீட்ரலில் ஆங்கிலிக்கன், மெத்தடிஸ்ட், ஏற்கெனவே பிரஸ்பிட்டேரியன்களும் காங்கிரிகேஷனல்காரர்களும் சேர்ந்திருந்த தென்னிந்திய ஐக்கிய சபை எல்லாம் ஒன்றானதில் பிறந்ததுதான் சி.எஸ்.ஐ. அதனால் அமைப்பிலும் ஒரு கலவை உண்டு. பேராயர் (பிஷப்) என்ற பதவி ஆங்கிலிக்கன் வழி வந்தது, கமிட்டியிலும் கவுன்சிலிலும் சபையாருக்கு இருக்கும் பலம் பெரும்பாலும் மற்றவர்கள் கொண்டுவந்தது. சபைகள் சேர்ந்து சேகரம், சேகரங்கள் சேர்ந்து திருமண்டலம் (சென்னைப் பக்கம் பேராயம்), எல்லாவற்றுக்கும் மேலே சினாட், அதன் தலைவர் மாடரேட்டர். கடல் தாண்டி யாழ்ப்பாணமும் இதே சினாடுக்குக் கீழ்தான். திடப்படுத்தல் (சபையில் முழு உறுப்பினராகச் சேர்க்கும் சடங்கு) பெற்று, காணிக்கை பாக்கி இல்லாமல் இருந்தால் உங்களுக்கும் ஓட்டு உண்டு.

அந்த ஓட்டுக்கு ஏன் இவ்வளவு சூடு என்று உங்கள் ஊர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. திருமண்டலத் தேர்தல் வந்தால் அணி, நோட்டீஸ், வேன் எல்லாம் வந்துவிடுகிறது. வேதாகமத்தில் கருத்து வேறுபாடு வந்து யாரும் இப்படி அடித்துக்கொள்வதில்லை. காரணம் பள்ளிக்கூடங்கள். அரசு உதவி பெறும் பள்ளியில் வாத்தியாருக்குச் சம்பளம் கொடுப்பது அரசு, ஆளைத் தேர்ந்தெடுப்பது நிர்வாகம். நிர்வாகம் யார் கையில் என்பதைத் தீர்மானிப்பது இந்தத் தேர்தல். சண்டை முற்றி, நீதிமன்றம் நியமித்த ஓய்வுபெற்ற நீதிபதி வந்து நிர்வாகத்தைக் கவனித்ததும் தென் மாவட்டங்களில் நடந்திருக்கிறது.

ஆர்.சி.யில் இந்தத் தொல்லை இல்லை, ஏனென்றால் ஓட்டே பெரிதாக இல்லை. ஆயரை நியமிப்பது போப், பங்குத்தந்தையை (உள்ளூர் சர்ச் சாமியாரை) அனுப்புவதும் மாற்றுவதும் ஆயர். பங்குப் பேரவை இருக்கும், அன்பியங்களிலிருந்து (பங்கிலுள்ள சிறு குடும்பக் குழுக்களிலிருந்து) ஆட்கள் வருவார்கள், பேசுவார்கள். ஆனால் 1983-இன் திருச்சபைச் சட்டப்படி அது ஆலோசனை சொல்லலாம், அவ்வளவுதான். பங்குக்கு நிதிக்குழு மட்டும் கட்டாயம்.

பெந்தெகொஸ்தே சபைகளை ஒரே பையில் போட முடியாது. பெரிய அமைப்புகளோடு சேர்ந்தவை உண்டு, தனியாக நிற்பவை ஏராளம். 1975-ஆம் வருடச் சட்டப்படி சங்கமாகப் பதிந்திருந்தால் குறைந்தது 7 பேர் வேண்டும், வருடா வருடம் பொதுக்குழு கூட்ட வேண்டும், பதிவாளருக்குக் கணக்கு கொடுக்க வேண்டும். டிரஸ்ட் என்றால் டிரஸ்ட் பத்திரத்தில் எழுதியதுதான் வேதவாக்கு. அதில் பாஸ்டர், அவர் மனைவி, மகன் என்று மூன்றே பேர் இருந்தால், இருபது வருடமாகத் தசமபாகம் (வருமானத்தில் பத்தில் ஒரு பங்கு) கொடுக்கிற உங்களுக்கு அங்கே ஓட்டு கிடையாது. பத்திர நகல் கேட்டுப் பாருங்கள், முகம் மாறுகிறதா என்று தெரியும்.

கேள்வி: எங்கள் ஐயரை மாற்ற வேண்டாம் என்று சபையே கையெழுத்துப் போட்டுக் கொடுத்தோம். கேட்கவில்லையே? (வாசகி, நாகர்கோவில்)

பதில்: சி.எஸ்.ஐ. குருவானவர் உங்கள் சபையின் ஊழியர் அல்ல, திருமண்டலத்தின் ஊழியர். அங்கேதான் சம்பளம், அங்கேதான் மாறுதல் உத்தரவு. உங்கள் கையெழுத்து வேண்டுகோள்தான். எனக்கு அதில் வருத்தமில்லை. மாறுதலே இல்லாத சபைகளில் பாஸ்டரும் கட்டடமும் பிரிக்க முடியாமல் போய்விடுவதைப் பார்க்கிறோமே.

கேள்வி: கோயிலுக்கு அறநிலையத் துறை, மசூதிக்கு வக்ஃப் வாரியம். சர்ச்சுக்கு யார்? (வாசகர், கரூர்)

பதில்: தமிழ்நாட்டில் தனி வாரியம் கிடையாது. அரசியலமைப்பின் 26-ஆவது பிரிவு ஒவ்வொரு சமயப் பிரிவுக்கும் தன் காரியங்களைத் தானே நடத்தும் உரிமை தருகிறது. அதற்காகக் கேள்வி கேட்பாரில்லை என்று நினைக்க வேண்டாம். சங்கத்துக்குப் பதிவாளர், கம்பெனிக்கு கம்பெனிப் பதிவாளர், வரிவிலக்கு வேண்டுமென்றால் வருமான வரித்துறை, வெளிநாட்டுப் பணம் வந்தால் மத்திய உள்துறை. பொது டிரஸ்டில் முறைகேடு என்றால், அதில் அக்கறையுள்ள இரண்டு பேர் சேர்ந்து, நீதிமன்ற அனுமதி பெற்று, உரிமையியல் நடைமுறைச் சட்டம் 92-ஆவது பிரிவில் வழக்குப் போடலாம். இழுக்கும், செலவாகும். ஆனாலும் வழி இருக்கிறது.