“ஆனால்” வெட்டுப்பட்டால் என்ன செய்வது?

கேள்வி: நான் ஸ்வீடனில் பிறந்து வளர்ந்தவள். உப்சாலாவில் அந்த நாட்டின் இடைக்கால வரலாற்றில் ஆராய்ச்சி செய்கிறேன். தொலைக்காட்சி ஆவணப்படம் ஒன்றுக்காக 1317 நீஷோபிங் விருந்தைப் பற்றி இரண்டு மணி நேரம் பேட்டி எடுத்தார்கள். அரசர் பிர்யெர் தன் தம்பிகள் எரிக், வால்தெமார் இருவரையும் விருந்துக்கு அழைத்துச் சிறையில் பூட்டி, சாவியை ஆற்றில் எறிந்து, பட்டினி போட்டுக் கொன்றார் என்பது அங்கே எல்லோரும் அறிந்த கதை. “கதை இப்படி, ஆனால் ஆதாரம் வேறு மாதிரி” என்றுதான் சொன்னேன். ஒளிபரப்பில் நாற்பது வினாடி வந்தேன். சாவி இருந்தது, ‘ஆனால்’ இல்லை. துறையில் ‘சாவிக்காரி’ என்கிறார்கள். இப்போது டென்மார்க் அரசர் ஸ்வீடன் பிரபுக்களைச் சதுக்கத்தில் தலை வெட்டிக் கொன்ற 1520 ஸ்டாக்ஹோம் படுகொலை பற்றிய படத்துக்கு வேறொரு குழு கூப்பிடுகிறது. போகட்டுமா?

பதில்: போங்கள், சகோதரி. அந்தப் பட்டப்பெயர் எவ்வளவு வலிக்கும் என்று புரிகிறது. அதற்காக ஒதுங்கிவிடாதீர்கள். ஆவணங்களைப் படித்தவர்கள் வரவில்லை என்றால், படிக்காதவர்களை வைத்துப் படம் எடுத்துவிடுவார்கள். லுண்ட் பல்கலைக்கழகப் பேராசிரியர் டிக் ஹாரிசன் பல வருடங்களாகப் பொதுமக்களுக்காக எழுதுகிறார், தொலைக்காட்சியிலும் பேசுகிறார். 13-ஆம் நூற்றாண்டு ஸ்வீடன் பற்றிய அவருடைய நூலுக்கு 2002-இல் ஸ்வீடனின் பெரிய இலக்கியப் பரிசான ‘ஆகஸ்ட் பரிசு’ கிடைத்தது. கேமரா முன் உட்கார்ந்ததால் அவருடைய பேராசிரியர் பதவி போய்விடவில்லை.

சரி, சாவிக்கு வருவோம். சந்தேகத்தைத் தனி வாக்கியமாக வைத்தீர்கள், அதனால் கத்தரி போட வசதியாகிவிட்டது. ‘எறிந்தானாம்’ என்கிறோமே, அந்த ‘ஆம்’ வினைச்சொல்லோடு ஒட்டிக்கிடக்கிறது, பிய்க்க முடியாது. ஸ்வீடிஷிலும் உங்களுக்கு ‘லேர்’ இருக்கிறதே! கேள்விப்பட்டதைச் சொல்லும் சொல், வாக்கியத்தின் நடுவில் உட்காரும். அதை வெட்டினால் வாக்கியமே உடைந்துவிடும். அடுத்த முறை கதை என்று தெரிந்த எதையும் ‘லேர்’ இல்லாமல் வாயைத் திறந்து சொல்லாதீர்கள். வீட்டில் சத்தமாகச் சொல்லிப் பழகுங்கள்.

அதைவிட நல்ல வழி, ஆதாரத்தையே கதையாகச் சொல்வது. விருந்து நடந்தது டிசம்பரில். அந்த இரண்டு தம்பிகளின் உயில் 1318 ஜனவரி 18 தேதியிட்டது! கதவைப் பூட்டிச் சாவியை எறிந்துவிட்டால், ஒரு மாதம் கழித்து உயில் எழுத உள்ளே மையும் எழுத்தரும் எப்படிப் போனார்கள்? இதைக் கேட்டால் எந்த இயக்குநரும் நிமிர்ந்து உட்காருவார். அப்புறம் இந்த விருந்தைப் பாடும் பழைய செய்யுள் வரலாறு, எரிக்கின் பெயரால் வழங்குவது, எந்தப் பக்கம் நிற்கிறது என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். 1319-இல் அரியணை ஏறியது எரிக்கின் மூன்று வயது மகன். பிர்யெர் நாட்டை விட்டே ஓட வேண்டியிருந்தது. ஜெயித்தவர்கள் பக்கம் நின்று எழுதிய பாட்டு அது.

‘இல்லை’ என்பதும் திரையில் எடுபடும். பிர்யெரின் அப்பா மாக்னுஸ் லாதுலோஸ் 1290-இல் இறந்தவர். ஸ்டாக்ஹோமின் ரித்தார்ஹோல்ம் தேவாலயத்தில் அவருடையது என்று நூற்றாண்டுகளாகக் காட்டிவந்த கல்லறையை 2011-இல் திறந்தார்கள். உள்ளே இருந்த எலும்புகள் 1430-க்கும் 1520-க்கும் இடைப்பட்டவை. ராஜா அங்கே இல்லவே இல்லை. அந்தக் கல் மூடி நகரும் காட்சியை ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். இதற்கு மேல் ஒரு விறுவிறுப்பு வேண்டுமா?

ஒப்புக்கொள்வதற்கு முன் மின்னஞ்சலில் ஒன்று கேளுங்கள்: உங்கள் பேச்சுக்கு முன்னும் பின்னும் பின்னணிக் குரல் என்ன சொல்லப் போகிறது? படத்தொகுப்பில் தலையிடும் உரிமை கிடைப்பது கடினம். தகவல் சரிபார்க்க என்று கேட்டால் மறுப்பதற்குக் காரணம் குறைவு. பதிலே வராவிட்டால் அந்தக் குழுவுக்கு மட்டும் நன்றி சொல்லிவிடுங்கள்.

இன்னொன்று. படுகொலைப் படம் என்றால் ஸ்டாக்ஹோம் பழைய நகரத்தின் பெரிய சதுக்கத்தில், வெள்ளைக் கற்கள் பதித்த அந்தச் சிவப்பு வீட்டின் முன்னால்தான் உங்களை நிறுத்தப் பார்ப்பார்கள். ஒவ்வொரு கல்லும் வெட்டப்பட்ட ஒரு தலை என்று சுற்றுலாப் பயணிகளுக்குச் சொல்கிறார்களே, அதே வீடு. அதன் இன்றைய முகப்பு 17-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது, படுகொலைக்குப் பிந்தையது. படப்பிடிப்புக்கு முந்தைய நாளே இயக்குநரிடம் இதைச் சொல்லி, கேமராவைச் சதுக்கத்தின் பக்கம் திருப்பச் சொல்லுங்கள்.